புவே தீவு எங்கே இருக்கிறது?

தெற்கு அட்லாண்டிக் கடலில், தெற்கு 54 பாகை 26 நிமிடம், கிழக்கு 3 பாகை 24 நிமிடம். வணிகக் கப்பலில் சார்ட் (கடல் வரைபடம்) விரித்த மேசையருகே பல இரவுகள் நின்றவன் என்பதால் இந்த இரண்டு எண்களின் அருமை எனக்குத் தெரியும். இரண்டாவது எண்ணை, அதாவது தீர்க்கரேகையை, ஐயமில்லாமல் குறிப்பதற்கு 159 ஆண்டுகள் ஆயின.

தீவு சின்னதுதான், சுமார் 49 சதுர கிலோமீட்டர். அதில் பத்தில் ஒன்பது பங்குக்கும் மேல் பனியாறு. நடுவில் பனி நிரம்பிய எரிமலை வாய், 780 மீட்டர் உயர ஓலாவ் சிகரம். சுற்றிலும் பெரும்பாலும் பனிச்சுவர் நேரே கடலில் இறங்குகிறது. நார்வேக்குச் சொந்தம், குடியிருப்பவர் யாருமில்லை. அண்டார்டிகா கரையே 1,600 கிலோமீட்டருக்கு அப்பால்.

1739 ஜனவரி 1 அன்று பிரெஞ்சு மாலுமி புவே த லோசியே மூடுபனிக்கு நடுவே இதைக் கண்டார். பல நாள் காத்திருந்தும் கரையேற முடியவில்லை. தெற்கே இருப்பதாக நம்பப்பட்ட பெருங்கண்டத்தின் முனை இது என்று நினைத்துத் திரும்பிவிட்டார்.

அட்சரேகையை அவர் ஏறக்குறையச் சரியாகவே குறித்தார். நண்பகல் சூரியன் எவ்வளவு உயரத்தில் நிற்கிறது என்று அளந்தால் அது கிடைத்துவிடும். தீர்க்கரேகை அப்படி வராது. புறப்பட்ட இடத்தில் இப்போது மணி என்ன என்று தெரிய வேண்டும். கடிகாரம் 4 நிமிடம் பிசகினால் ஒரு பாகை போய்விடும். 54ஆம் அட்சரேகையில் ஒரு பாகை என்பது 65 கிலோமீட்டர். அந்தக் காலத்தில் நம்பத்தக்க கடல் கடிகாரம் புழக்கத்துக்கு வரவில்லை. வேகத்தையும் திசையையும் வைத்துக் கணக்குப் போட வேண்டியதுதான். மேலைக்காற்றும் நீரோட்டமும் கப்பலை எவ்வளவு தள்ளியது என்று யார் சொல்வது? தீவு பல பாகைகள் கிழக்கே போய் உட்கார்ந்துகொண்டது.

அப்புறம் ஆங்கிலேய மாலுமி ஜேம்ஸ் குக் வந்தார், நல்ல கடிகாரத்தோடு. ஆனால் புவே எழுதிவைத்த இடத்தில் தேடினால் தண்ணீர்தானே இருக்கும்? 1775இல் மறுபடியும் பார்த்துவிட்டு, புவே கண்டது பனிப்பாறையாக இருக்கும் என்று முடிவுகட்டினார். 1808இல் திமிங்கில வேட்டைக் கப்பல்காரர் லின்ட்சே இந்தத் தீவைக் கண்டார். இது அதே தீவுதானா என்ற ஐயம் அப்போதும் தீரவில்லை. 1898இல் ஜெர்மனியின் வால்டிவியா ஆய்வுக் கப்பல் வந்துதான் இடத்தை உறுதிசெய்தது. 1927இல் நார்வேஜியா கப்பல்காரர்கள் இறங்கிக் கொடி நட்டார்கள்.

இறங்க ஓரளவு வசதியான நூறோய்சா என்ற திட்டு அப்போது இல்லவே இல்லை. 1955க்கும் 1958க்கும் இடையில் மேற்குக் கரைச் சரிவு இடிந்து உருவானது அது. இப்போது அங்கே பெங்குவின்களும் ரோமக் கடல்நாய்களும் கூட்டம் கூட்டமாகக் குட்டி வளர்க்கின்றன.

எனக்கு இன்னும் விடாத விஷயம் தாம்சன் தீவு. 1825இல் நாரிஸ் என்ற கேப்டன், வடகிழக்கே இன்னொரு தீவையும் பார்த்ததாகப் பதிவுசெய்தார். 1893இல் இன்னொருவரும் அதைக் கண்டதாகச் சொன்னார்; ஆனால் 1898இல் வால்டிவியா தேடியும் அது கிடைக்கவில்லை. எரிமலை வெடித்து மறைந்திருக்கும் என்றுகூடச் சொன்னார்கள். ஆனால் அங்கே கடல் 2,000 மீட்டருக்கு மேல் ஆழம், அதனால் அதுவும் பொருந்தவில்லை. நாரிஸ் பொய் சொன்னார் என்பதை நான் ஏற்கமாட்டேன். மண்ணும் கல்லும் ஒட்டிய பெரிய பனிப்பாறை, மூடுபனியில், தூரத்தில், அசல் தீவு மாதிரியேதான் தெரியும். அவர் இடத்தில் நான் இருந்திருந்தால் நானும் அதைச் சார்ட்டில் குறித்திருப்பேன், இருப்பு உறுதியில்லை என்று பக்கத்தில் எழுதி.