ஸ்வீட்ஹார்ட்ஸ் வாசித்த படம்

மார்ச் 9, ஞாயிறு

'தட் மேன் ஆஃப் மைன்' பார்த்து முடித்தேன். 1946இல், அமெரிக்கக் கறுப்பின ரசிகர்களுக்கென்றே எடுக்கப்பட்ட படங்களில் ஒன்று. பிற்காலத்தில் பெரும் பெயரெடுத்த ரூபி டீ இதில் இளம் நடிகை. கதை பெயருக்குத்தான். ஆனால் 'இன்டர்நேஷனல் ஸ்வீட்ஹார்ட்ஸ் ஆஃப் ரிதம்' என்ற ஜாஸ் குழு வாசிக்கத் தொடங்கியதும் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டேன். டிரம்பெட், டிராம்போன், சாக்ஸபோன், டிரம்ஸ் என்று அத்தனையும் பெண்கள்! நீண்ட கவுனும் கையில் கோலுமாக முன்னால் நிற்பவர் அன்னா மே வின்பர்ன். அழகாகத்தான் நடத்துகிறார். இருந்தாலும் என் கண் பின்வரிசைக்கே போகிறது.

மார்ச் 10, திங்கள்

'ஜம்ப் சில்ட்ரன்' பாட்டை ஓட்டி ஓட்டிப் பார்த்தேன். காரணம், குழுவில் சாக்ஸபோன் வாசிக்கும் வை பர்ன்சைட் என்ற பெண். டெனர் சாக்ஸில் அவருக்கு அவசரமே இல்லை. தடித்த, கரகரத்த நாதம். "பொம்பளைங்களுக்கு இது பரவாயில்லை" என்று யாரும் சலுகை காட்ட வேண்டியதில்லை. அந்தக் காலத்து எந்தப் பெரிய பேண்டிலும் அவர் உட்கார்ந்திருக்கலாம். உட்கார வைத்திருக்க வேண்டும்.

மார்ச் 13, வியாழன்

இவர்கள் வந்த வழியைப் படித்தேன். மிசிசிப்பியில் பைனி வுட்ஸ் என்ற கறுப்பினப் பிள்ளைகளின் பள்ளி; அதற்கு நிதி திரட்டத்தான் 1937இல் மாணவிகளை வைத்துக் குழுவைத் தொடங்கினார்கள். 1941இல் பள்ளியை விட்டு வெளியேறித் தொழில்முறைக் குழுவாகிவிட்டார்கள். அன்றைய தெற்கு மாநிலங்களில் கறுப்பர்களுக்கு ஓட்டலில் அறை கிடைக்காது. அதனால் சாப்பாடும் தூக்கமும் பஸ்ஸிலேயே. 1943இல் சேர்ந்த ராஸ் கிரான் வெள்ளைக்காரப் பெண். கறுப்பர்களோடு சேர்ந்து வாசிப்பது தெரிந்தால் போலீஸ் பிடிக்கும் என்று, முகத்தில் கறுப்பு மேக்கப் பூசிக்கொண்டு மேடையேறியிருக்கிறார். இதைப் படித்தபின் அந்தப் பாட்டின் துள்ளலைக் கேட்கையில் நெஞ்சு அடைக்கிறது.

மார்ச் 15, சனி

இவர்களின் பாட்டுகள் 'சவுண்டீஸ்' என்ற மூன்று நிமிடப் படங்களாகவும் வந்தன. அந்தக் காலத்து மதுக்கடைகளில் பேனோரம் என்றொரு பெட்டி இருக்கும். 10 சென்ட் காசு போட்டால் சுருளில் அடுத்து எது இருக்கிறதோ அது ஓடும். நமக்குப் பிடித்ததைத் தேர்ந்தெடுக்க முடியாது. பெட்டிக்குள் கண்ணாடி வைத்துப் படத்தைத் திரைக்குத் திருப்புவதால், பிரதியையே இடம் வலம் மாற்றி அச்சடிப்பார்களாம். அப்படியொரு பிரதியைத் திருத்தாமல் ஓட்டினால் குழுவே இடதுகைக்காரர்களாகத் தெரியும்.

1945இல் ஐரோப்பாவுக்குப் போய் அமெரிக்கப் படைவீரர்களுக்கு வாசித்த குழு, 1949இல் கலைந்துவிட்டது. ஸ்டுடியோவில் இவர்கள் பதிவுசெய்த பாட்டுகள் மிகக் குறைவு. அதனால் படம் சுமார்தான் என்றாலும் தவறவிடாதீர்கள். கதையைத் தள்ளிவிட்டுப் பாட்டுகளை மட்டும் பார்த்தாலும் சரி.