உடலைவிட நீண்ட அலகு

ஆண்டிஸ் மலைத்தொடரில், வெனிசுவேலாவிலிருந்து கொலம்பியா, ஈக்வடார், பெரு வழியாகப் பொலிவியா வரை, மேகம் தவழும் உயரமான காடுகளில் வாழும் வாளலகு ஓசனிச்சிட்டு என்னும் ஹம்மிங்பேர்ட் வகைப் பறவையைப் பற்றி எழுத வேண்டும் என்று நெடுநாளாக நினைத்திருந்தேன். வால் நீங்கலாகத் தன் உடலைக் காட்டிலும் நீண்ட அலகு உள்ள ஒரே பறவை இதுதான். எடை ஏறத்தாழ 12 கிராம். அலகோ 10 சென்டிமீட்டரைத் தொடுகிறது.

இத்தனை நீளம் எதற்கு? அங்கே மரங்களில் படரும் பாசிஃப்ளோரா மிக்ஸ்டா என்னும் கொடி, நாம் பழச்சாறு பிழியும் பேஷன் ஃப்ரூட்டின் உறவு. அதன் இளஞ்சிவப்புப் பூ நீண்ட குழாய் போன்றது. தேன் அக்குழாயின் அடியாழத்தில், காம்பை ஒட்டி இருக்கிறது. அந்தரத்தில் சிறகடித்து நின்றபடியே பறவை தன் அலகு முழுவதையும் பூவுக்குள் செருகும்போது, மகரந்தம் அதன் தலையில் படிந்து அடுத்த பூவுக்குப் போய்ச் சேர்கிறது. மகரந்தச் சேர்க்கைக்கு அக்கொடி பெரும்பாலும் இப்பறவையையே நம்பியிருக்கிறது என்பதால், காட்டை அழிப்பவர்கள் இரண்டையும் சேர்த்தே அழிக்கிறார்கள்.

என் மனத்தை மிகவும் தொட்டது வேறொன்று. மற்றப் பறவைகளைப் போல அலகால் இறகைக் கோதிக்கொள்ள இதனால் இயலாது. ஒற்றைக் காலைத் தூக்கி, நகங்களால் வாரித்தான் உடலைச் சீர்செய்துகொள்கிறது. கிளையில் அமர்ந்திருக்கும்போதும், முன்னே இழுக்கும் அந்தப் பாரத்தைச் சமன்செய்ய, அலகை வானை நோக்கி உயர்த்திப் பிடித்தபடியே இருக்கிறது.