தகுதிகாண் பருவம் முடித்த ஆணை உங்கள் கையில் இருக்கிறதா?

இணைப் பேராசிரியர் பதவி உயர்வு ஆணை போன வாரம் வந்தது. எனக்கு இளையவர்கள் இருவர் அந்த நாற்காலியில் உட்கார்ந்து நாலு வருடம் கழித்து. அரசு மருத்துவக் கல்லூரியில் வேலை பார்க்கிற யாராவது இதைப் படித்தால், முதலில் போய் உங்கள் பணிப் பதிவேட்டைப் பார்த்துவிட்டு வாருங்கள். மீதியை அப்புறம் படிக்கலாம்.

பேனல், அதாவது பதவி உயர்வுக்கு உரியவர்கள் பட்டியல், வெளியான அன்று அதில் என் பெயர் இல்லை. உதவிப் பேராசிரியராக 4 வருடம், 2 ஆய்வுக் கட்டுரை, பயிற்சிச் சான்றுகள் எல்லாம் சரியாக இருந்தன. 17(பி) என்கிற ஒழுங்கு நடவடிக்கைக் குற்றச்சாட்டும் கிடையாது. போன் செய்தால், "மேடம், உங்க ப்ரொபேஷன் டிக்ளேர் ஆகலையே" என்றார்கள். தொடர்ச்சியான 3 வருடத்துக்குள் 2 வருடம் பணி செய்திருக்க வேண்டும், அவ்வளவுதான் தகுதிகாண் பருவம். நான் அதை முடித்து ஒரு மாமாங்கம் ஆகிறது. ஆணையும் அப்போதே போட்டுவிட்டார்கள். பழைய கல்லூரியிலிருந்து மாற்றலாகி வந்தபோது அதைப் பதிவேட்டில் ஏற்றவில்லை. அந்தப் பக்கத்தைப் பார்த்தேன். பென்சிலில் "பார்க்க: ந.க.எண்" என்று எழுதி, அந்தக் கோப்பு எண்ணுக்கு மட்டும் இடம் விட்டிருந்தது.

பழைய கல்லூரியில் கேட்டால், சென்னை அலுவலகத்தில் கேட்கச் சொன்னார்கள். வேலை கீழே என்றாலும் வீடு குன்னூரில். அந்த ஐப்பசி மழையில் பர்லியார் பக்கம் மண் சரிந்து, வண்டிகளையெல்லாம் கோத்தகிரி வழியாகத் திருப்பிவிட்டார்கள். மேட்டுப்பாளையம் ஸ்டேஷனுக்குள் ஓடியபோது நீலகிரி எக்ஸ்பிரஸின் கடைசிப் பெட்டி மட்டும்தான் கண்ணில் பட்டது. கோவை போய் பஸ் பிடித்து, முதுகு கழன்று சென்னை சேர்ந்தால், சூப்பிரண்டு டிரெய்னிங் போயிருக்கிறார், பீரோ சாவி அவரிடம். அடுத்த முறை போனபோது, "மானியக் கோரிக்கை நடக்குது, சட்டசபை முடியட்டும் மேடம்."

கடைசியில் காப்பாற்றியது 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டிய ஆர்டிஐ (தகவல் உரிமைச் சட்ட) மனு. ஒன்று கவனியுங்கள்: "என்னை ஏன் சேர்க்கவில்லை" என்று கேட்டால், இது தகவல் என்ற வரையறைக்குள் வராது என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். இன்ன ஆணையின் நகல் வேண்டும் என்றுதான் கேட்க வேண்டும். 30 நாள் பதில் இல்லை. முதல் மேல்முறையீடு போட்டேன். மூன்றாவது வாரம் ஒரு பழுப்புக் கவர் வந்தது. உள்ளே என் தகுதிகாண் பருவ ஆணை, சாவி இல்லாத அதே அலுவலகத்தின் முத்திரையோடு. சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை.

அப்புறம்தான் வழக்கறிஞர். அரசு ஊழியர் வழக்குகளுக்கான நிர்வாகத் தீர்ப்பாயம் தமிழ்நாட்டில் இப்போது இல்லாததால் நேராக உயர் நீதிமன்றம்தான். நீலகிரிக்காரர்களுக்குச் சென்னை. கொடைக்கானல் பக்கம் என்றால் திண்டுக்கல் மாவட்டம், மதுரைக் கிளை. பேனல் வந்து எத்தனை நாள் ஆயிற்று என்பதுதான் அவருடைய முதல் கேள்வி. இரண்டு வருடம் என்றேன். பதினோரு மனுக்களும் ஒப்புகை அட்டைகளும் இருந்த ஃபைலைப் பெருமையாக நீட்டினேன். புரட்டிவிட்டு, "இது நினைவு மலர், டாக்டர்" என்றார்.

எனக்குச் சுரீர் என்றது. ஆனால் அவர் சொன்னது சரி. மனு மேல் மனு போட்டால் காலம் நிற்காது. பழைய கோரிக்கைக்கு அலுவலகம் பதில் போட்டாலும் அதற்கு மறுபடி உயிர் வராது என்று உச்ச நீதிமன்றம் 2008-இல் சி. ஜேக்கப் வழக்கில் சொல்லியிருக்கிறது. சம்பளப் பிரச்சினை என்றால் கொஞ்சம் தாமதத்தைப் பொறுப்பார்கள். பணிமூப்பும் பதவி உயர்வும் அடுத்தவரைப் பாதிக்கும் என்பதால் அங்கே கறார்தான்.

அடுத்தவர் என்றதும் இன்னொரு சங்கடம். அந்த இளையவர்கள் இருவரையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்க்க வேண்டும். சேர்க்காவிட்டால் அதுவே வழக்கைக் கவிழ்க்கும். ஒருத்தி, "அக்கா, நீங்க போடுங்க, என் அட்ரஸ் தர்றேன்" என்றாள். இன்னொருவர் இன்றுவரை முகம் கொடுத்துப் பேசுவதில்லை. அவரையும் குற்றம் சொல்ல மாட்டேன்.

முதல் உத்தரவு: என் மனுவைத் துறை 12 வாரத்துக்குள் பரிசீலிக்க வேண்டும். ஜெயித்துவிட்டேன் என்று வர்க்கி பாக்கெட்டோடு வழக்கறிஞரைப் பார்க்கப் போனேன். வர்க்கியை வாங்கிக்கொண்டு, "பரிசீலிக்கச் சொல்லியிருக்காங்க, கொடுக்கச் சொல்லல" என்றார். சொன்னபடியே பதினோராவது வாரம், "பணிப் பதிவேட்டில் பதிவு இல்லாததால் நிராகரிக்கப்படுகிறது." இணைத்திருந்த ஆணை நகலைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. உண்மையில் அந்த நிராகரிப்புதான் வழக்கை நிமிர்த்தியது. அதை ரத்து செய்து பதவி உயர்வு வழங்கக் கேட்டு செர்ஷியோரரிஃபைட் மாண்டமஸ் போட்டோம். அரசுத் தரப்பின் கவுன்டருக்கு (பதில் மனுவுக்கு) வாய்தா, வாய்தா, வாய்தா. தீர்ப்பு எங்கள் பக்கம்.

ஆனால் முன்தேதி நோஷனலாக, அதாவது கணக்குக்காக மட்டும்தான். பணிமூப்பு கிடைக்கும், நிலுவைச் சம்பளம் கிடையாது. வேலை செய்யத் தயாராக இருந்தவரைத் துறையே தடுத்து வைத்தால் "வேலை இல்லையேல் சம்பளம் இல்லை" பொருந்தாது என்று 1991-லேயே ஜானகிராமன் வழக்கில் சொல்லியிருக்கிறார்கள். தாமதமாக வந்ததால் எனக்கு அது எட்டவில்லை. இந்த எரிச்சல் இன்னும் அடங்கவில்லை.

தீர்ப்பு வந்தும் ஆணை வரவில்லை. அவமதிப்பு மனுவுக்கு ஒரு வருடம்தான் கெடு, காலண்டரில் குறித்து வையுங்கள். ஒன்பதாவது மாதம் வக்கீல் நோட்டீஸ் போனது. பத்தே நாளில் ஆணை வந்தது.

நேற்று ஊதிய நிர்ணயத்துக்குத் தாள்களைக் கொடுத்தேன். எழுத்தர் புரட்டிப் பார்த்துவிட்டு, "மேடம், ப்ரொபேஷன் ஆர்டர் ஜெராக்ஸ் இருக்கா?" என்றார். பையில் ஐந்து செட் இருந்தது. ஒன்றைக் கொடுத்து, இன்னொன்றில் தபால் பிரிவு முத்திரை வாங்கிக்கொண்டு வந்தேன்.