கோக்கின் தூணுக்கு மூன்றாவது கோதுமைக் கட்டு

கதிர்க்கட்டு ஒருவழியாக நிமிர்ந்து நிற்கிறது. உயரம் ஒன்றரை சென்டிமீட்டர். அதற்கு ஐந்து வாரம் போயிற்று, கேட்டால் சிரிப்பீர்கள்.

நான் சிறிய மாதிரியாகச் செய்துகொண்டிருப்பது போன மாதம் சொன்ன அதே ஹோல்கம் நினைவுத்தூண்தான், இங்கிலாந்தின் நார்ஃபோக்கில் கோக் என்ற பண்ணையாரின் நினைவாக எழுப்பியது. நிஜத் தூண் 120 அடி. 1:150 அளவில் இருபத்து நாலரை சென்டிமீட்டருக்குக் கொஞ்சம் குறைவு. தூணுக்கு வரிப்பள்ளம் போட்டு முடித்தாயிற்று, அதில் சொல்ல ஒன்றுமில்லை. சிக்கல் எல்லாம் உச்சியில்தான். மற்ற ஊர்களில் தூண் மேல் தளபதியையோ அரசரையோ நிறுத்துவார்கள். நார்ஃபோக்கில் இந்தத் தூணின் தலையில் இருப்பது ஒரு கோதுமைக் கட்டு.

முதல் கட்டைச் சணல் நூலில் செய்தேன். காய்ந்ததும் நுனியெல்லாம் அழகாக வளைந்து தொங்கின. வீட்டில் பார்த்தவர்கள் "நெல்லுக்கட்டு நல்லா இருக்கே" என்றார்கள். அங்கேதான் உறைத்தது. நான் சின்ன வயதிலிருந்து பார்த்தது தலைசாய்ந்த நெற்கதிர், கை அதையே செய்திருக்கிறது. கோதுமைக் கட்டில் கதிர்கள் விறைப்பாக நிற்க வேண்டும், இடுப்பு ஒடுங்கி மேலும் கீழும் விரிய வேண்டும்.

இரண்டாவதற்குப் பழைய பெயின்ட் பிரஷ்ஷின் முடி. நுனியை ஃபெவிகாலில் தொட்டு ரவையில் புரட்டினேன். கோதுமைக்குக் கோதுமையே என்று பெருமை வேறு. மறுநாள் காலை எறும்பு வரிசை. பாதிக் கதிரை அறுவடை செய்துவிட்டுப் போயிருந்தன.

மூன்றாவதிலும் பிரஷ் முடிதான், ரவைக்குப் பதில் சலித்த மணல். இதில் தொல்லை கொடுத்தது கட்டுகிற இடம். நூலைச் சுற்றி உடனடிப் பசை ஒரு சொட்டு விட்டால் அது முடிகளுக்கு நடுவே ஏறி நுனிவரை போய்விடுகிறது, முழுக்கட்டும் கண்ணாடிக் குச்சியாகிறது. நான்கு கட்டு அப்படிப் பாழ். கடைசியில் தண்ணீர் கலக்காத ஃபெவிகாலை ஊசிமுனையில் எடுத்து நூல்மேல் மட்டும் தடவி, தலைகீழாகக் கிளிப்பில் தொங்கவிட்டு ஒரு ராத்திரி விட்டேன். காய்ந்த பிறகுதான் நுனிக்கு மணல். இந்த வரிசை மாறினால் தொலைந்தது.

இவ்வளவு மெனக்கெடக் காரணம் அந்த மனிதர். டாமஸ் வில்லியம் கோக். (உச்சரிப்பு என்னவோ 'குக்'. சமையல்காரர் என்று நினைத்துவிடப் போகிறீர்கள், எழுத்துப்படியே வைத்துக்கொள்கிறேன்.) 1776ல், 22 வயதில், அப்பாவின் பண்ணை நிலமும் நார்ஃபோக் நாடாளுமன்றத் தொகுதியும் சேர்ந்து கைக்கு வந்தன. 1784ல் தொகுதி போனது, 1790ல் திரும்பி வந்தார். நடுவில் சின்ன இடைவெளி தவிர 1832 வரை அவர்தான் உறுப்பினர். மந்திரி பதவி ஒன்றும் வகித்ததில்லை. அமெரிக்கக் குடியேற்றங்களோடு நடந்த போரை எதிர்த்தவர். பிரபு பட்டத்தை முன்பு மறுத்துவிட்டு 1837ல், 83 வயதில், லெஸ்டர் பிரபுவானார்.

ஆனால் ஊரில் அவர் பேர் நின்றது வயலில். குத்தகையை 21 ஆண்டு நீளத்துக்குக் கொடுத்தார். அதனால் குத்தகைக்காரர் துணிந்து மண்ணில் பணம் போட்டார். 1821 வரை வருடாவருடம் ஆட்டுரோமம் கத்தரிக்கும் கூட்டம் நடத்தி, வந்தவர்களுக்குச் சவுத்டவுன் இனச் செம்மறி ஆட்டையும் விதைக்கருவியையும் காட்டினார். எல்லாம் அவர் கண்டுபிடித்த மாதிரிப் பேசுவது மிகை. கோதுமை, டர்னிப், பார்லி, க்ளோவர் (தீவனப் பயிர்) என்ற நாலு பயிர்ச் சுழற்சி நார்ஃபோக்கில் அவருக்கு முன்பே இருந்தது. குத்தகை வருமானம் 2,200 பவுண்டிலிருந்து 20,000 ஆனது என்ற கதையும் கணக்குப் புத்தகத்தின் முன் நிற்கவில்லை. இருந்தாலும் 1842ல் அவர் இறந்த பிறகு 4,000 பவுண்டு செலவில் இந்தத் தூணை எழுப்பியது குத்தகைக்காரர்கள். பண்ணையாருக்குக் குடியானவர் பணத்தில் தூண் என்றால் எனக்குக் கொஞ்சம் சந்தேகம் வரும். கதிர்க்கட்டைப் பார்க்கும்போது மட்டும் அது குறைகிறது.

அடுத்தது பீடத்தின் நாலு மூலை: எருது, ஆடு, கலப்பை, விதைக்கருவி. ஜப்பானிய 'N' கேஜ் என்ற சிறிய அளவு ரயில் பொம்மைகளும் 1:150தான் என்று நம்பி இணையத்தில் எருது வரவழைத்தேன். வந்தது 1:87. பீடத்தை மிதித்துவிடும் போலிருக்கிறது. திருப்பி எடுக்க மாட்டார்களாம். சரி, மெழுகில் நானே செதுக்கிக்கொள்கிறேன்.

அப்புறம் கோக்கின் வீடான ஹோல்கம் மாளிகையையே அட்டையில் செய்யலாமா என்று ஓர் ஆசை. வில்லியம் கென்ட் என்ற கட்டடக் கலைஞர் வடிவமைத்த நீண்ட முகப்பு, ஜன்னல் எண்ணவே ஒரு நாள் ஆகும். அதற்கு முன் விதைக்கருவியின் சக்கரம். ஆரக்கால் எல்லாம் முடியளவு. பிரஷ் முடி இன்னும் கொஞ்சம் மிச்சம் இருக்கிறது.