பிஸ்தா வைக்கலாமா என்று கேட்பவர்களுக்கு

வெளிநாட்டில் இருந்து யார் வந்தாலும் பெட்டிக்குள் பிஸ்தா இருக்கிறது. தின்று முடித்ததும் முல்லைத்தீவு மாவட்டத்தில் எங்கள் ஒட்டுசுட்டான் பக்கத்தில் எழும்புகிற கேள்வி ஒன்றுதான்: "இதை வளவுக்குள் வைத்தால் காய்க்காதா?" ஈரானில் பாலைவன ஓரத்தில் விளைகிற மரம், எங்கள் வெயிலுக்கு நிற்காதா என்று மாமா கணக்குப் போட்டார். வறுக்காத கொட்டைகளை எங்கேயோ தேடிப் பிடித்துக் கொண்டுவந்தும் தந்தார்.

வறுத்து உப்புப் போட்டது முளைக்காது. பச்சைக் கொட்டையை ஊறவைத்து, ஈரத் துணியில் சுற்றி, ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டில் சில கிழமை வைத்து எடுத்து நட்டால் முளை வரும். எனக்கும் வந்தது. ஆனால் முளைப்பது வேறு, காய்ப்பது வேறு.

வெயில் இங்கே தாராளம். இல்லாதது குளிர். பிஸ்தா, குளிர்காலத்தில் இலை உதிர்த்து உறங்குகிற மரம். 7 பாகை செல்சியசுக்குக் கீழே ஏறக்குறைய 800 முதல் 1000 மணி நேரம் கிடந்தால்தான் மொட்டு ஒழுங்காக விரியும். தை மாதத்தில் நாங்கள் போர்வை தேடுகிறோம், சரி; அந்த விடியற்காலையிலும் இங்கே 20 பாகைக்கு அங்கும் இங்கும்தான். மரத்துக்கு அது குளிரே இல்லை.

பிறகு ஆண் பெண் சங்கதி. பனை மாதிரி ஆண் மரம் வேறு, பெண் மரம் வேறு. தேனீயை நம்பிப் பயனில்லை, காற்றுத்தான் மகரந்தத்தைக் கொண்டுபோக வேண்டும். விதைக்கன்று ஆணா பெண்ணா என்று பார்வைக்குப் பூக்கும் வரை தெரியாது. அதனால் தோட்டக்காரர் ஒட்டுக்கட்டித்தான் வளர்க்கிறார்கள். கலிபோர்னியாவில் நெடுங்காலமாகப் பெண் மரத்துக்குக் கெர்மான் என்ற இனமும், ஆண் மரத்துக்குப் பீட்டர்ஸ் என்ற இனமும்தான் வழக்கம். இரண்டும் ஒரே நேரத்தில் பூக்க வேண்டும். குளிர் போதாமல் அந்தப் பொருத்தம் குழம்பியதில், 2015இல் அங்கேயே விளைச்சல் பாதியளவுக்கு விழுந்தது. எல்லாம் சரியாக அமைந்தாலும் முதற்காய்க்கு 5 வருடத்துக்கு மேல் போகும். கார்த்திகையில் வளவுக்குள் தண்ணீர் நின்றால் வேரே அழுகிவிடும்.

மாமாவுக்கு என் பதில் மரமுந்திரிகை. பிஸ்தாவின் சொந்தக்காரன்தான்; மாமரமும் அதே குடும்பம். போர்த்துக்கேயர் பிரேசிலில் இருந்து கொண்டுவந்த மரம், எங்கள் மணல் நிலத்தில் ஊரானாகவே நிற்கிறது. ஆண் பூவும் இருபாற் பூவும் ஒரே மரத்தில் வருவதால் சோடி தேட வேண்டியதில்லை. ஒட்டுக்கன்று மூன்றாம் வருடமே காய்க்கத் தொடங்கும். கோதில் உள்ள பால் தோலைப் பொசுக்கும். சுடும்போது சின்னப் பிள்ளைகளைக் கிட்ட விடாதீர்கள்.

ஐப்பசி மழை தொடங்கும்போது, தண்ணீர் நிற்காத மேட்டுப் பக்கமாக, 25 அடி இடைவெளி விட்டு வையுங்கள். நெருக்கினால் கிளையோடு கிளை முட்டிப் பூக் குறையும். அவ்வளவு நிலத்தைச் சும்மா விடுவதா என்று மாமா இப்போதே சண்டைக்கு வருகிறார். கன்று வளரும் வரை இடையில் கச்சான் போடலாம் என்றேன், கொஞ்சம் அடங்கினார்.