பியானோ முன் உட்கார்ந்த இசையமைப்பாளர்

பிரெஞ்சு இயக்குநர் அன்யெஸ் வார்தாவின் ‘கிளியோ 5 முதல் 7 வரை’ (1962) படத்தைப் பார்த்தவர்கள், நாயகி வீட்டுக்கு வந்து கலாட்டா பண்ணும் பாப் என்ற பியானோக்காரரை மறந்திருக்க மாட்டார்கள். அவர்தான் படத்தின் இசையமைப்பாளர் மிஷேல் லெக்ரான். புகழ்பெற்ற இசை ஆசிரியை நதியா பூலான்ஷேயிடம் பயின்றவர், வாசிப்பதுபோல் பாவனை செய்ய வேண்டியதில்லை. கையைத் தனியாக, முகத்தைத் தனியாக வெட்டிக் காட்டும் தொல்லையும் இல்லை.

இந்தப் படத்தில் வரும் ‘சான் துவா’ (நீ இல்லாமல்) பாட்டைக் கவனியுங்கள். சாதாரண ஒத்திகையாக, வெறும் பியானோவில் தொடங்குகிறது. கேமரா, கிளியோவாக நடித்த கோரின் மார்ஷானின் முகத்தை நெருங்க நெருங்க அறை மறைந்து பின்னணி கறுப்பாகிறது. அறையிலேயே இல்லாத இசைக்குழு உள்ளே நுழைகிறது. பாட்டு முடிந்ததும் மறுபடி அதே அறை. வரிகள் வார்தாவுடையவை.

1964இல் லெக்ரான் இசையில் இயக்குநர் ஜாக் தெமியின் ‘ஷெர்பூர் குடைகள்’. வசனம் முழுக்கப் பாட்டு. முதலில் ஒலிப்பதிவு, பிறகுதான் படப்பிடிப்பு. இதில் சிக்கல் என்னவென்றால், ஒரு நடிகர் கதவுவரை நடக்க எத்தனை நொடி என்பது ஒலிநாடாவிலேயே முடிவாகிவிடும். தளத்தில் ஒரு மௌனத்தைக்கூட நீட்ட முடியாது. நாயகி கத்ரீன் தெனவுக்குப் பாடியவர் தானியேல் லிக்காரி.

லெக்ரானுக்கு மூன்று ஆஸ்கர் பிறகு வந்தன. எனக்கென்னவோ பாப்தான் பிடிக்கும்!