ஒரு நொடிப்புக்குள் நான்கு கட்டம்

வெண்பா பழகுகிறவர்கள் அசை, அசைகள் சேர்ந்த சீர், சீர்கள் இணையும் தளை என்றுதான் கேட்பார்கள். ஓர் எழுத்தை ஒலிக்க ஆகும் நேரத்தின் அளவான மாத்திரையைப் பற்றி யாரும் கேட்பதில்லை. எனக்கோ யாப்பில் மிகவும் பிடித்ததே அதுதான்.

'கண்ணிமை நொடியென அவ்வே மாத்திரை' என்கிறது தொல்காப்பியம். இந்த நொடி கடிகார நொடி இல்லை, விரலை நொடிப்பது. இமைப்பு நம்மை அறியாமல் நடந்துவிடும். நொடிப்பை நாமே செய்து பார்க்கலாம் என்பதால் என் ஓட்டு அதற்குத்தான். உரைகளில் வரும் ஒரு பழைய சூத்திரம் அதையும் பிரித்துக் காட்டுகிறது: 'உன்னல் காலே ஊன்றல் அரையே முறுக்கல் முக்கால் விடுத்தல் ஒன்றே.' நொடிக்க நினைக்கும்போதே கால் மாத்திரை ஓடிவிடுகிறது! விரலை ஊன்றினால் அரை, முறுக்கினால் முக்கால், விடுத்தால்தான் ஒன்று.

'உப்பு' என்று மெதுவாகச் சொல்லிப் பாருங்கள். 'ப்' வரும்போது உதடுகள் மூடி அழுந்தி நிற்கும், இன்னும் விடுபட்டிருக்காது. மெய்யெழுத்துக்கு அரை மாத்திரை என்பது எனக்கு அந்த ஊன்றலாகவே படுகிறது. குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு. 'போன்ம்' (போலும்) என்பதன் கடைசி 'ம்' எழுத்துக்குக் கால்தான்.

வடமொழி 'மாத்ரா'வில் உள்ள 'மா' என்ற வேருக்கு அளத்தல் என்று பொருள். மீட்டர் என்ற சொல்லுக்கு மூலமான கிரேக்க 'மெட்ரான்' அதற்கு உறவு. 'மா' தமிழ் வேரே என்று வாதிடுபவர்களும் உண்டு. நிலத்தை மா என்ற அளவில் அளந்தவர்கள் அல்லவா நாம்! எப்படியானாலும் மருந்துக்கடை மாத்திரை, 'கண்ட மாத்திரத்தில்' எல்லாமே அளவிலிருந்து வந்தவைதான்.

சரி, பாட்டுக்கு வருவோம். வெண்பாவின் கடைசிச் சீருக்கான மாதிரிச் சொற்களில் (வாய்பாடுகளில்) 'நாள்' இரண்டரை மாத்திரை, 'மலர்' என்பதும் இரண்டரை. ஆனால் முன்னது தனிக் குறிலோ தனி நெடிலோ வரும் நேரசை, பின்னது குறிலோடு இன்னொரு குறிலோ நெடிலோ சேரும் நிரையசை. வடமொழி யாப்பு லகு என்ற குறுகிய அசையை ஒன்று, குரு என்ற நீண்ட அசையை இரண்டு என்று எண்ணும். நம் அசையோ குறிலும் நெடிலும் எப்படிச் சேர்கின்றன என்பதைத்தான் பார்க்கிறது, மெய்யெழுத்தைக் கணக்கில் எடுப்பதில்லை.

அப்புறம் மாத்திரைக்குப் பாட்டில் என்ன வேலை? 'ஏரின் உழாஅர் உழவர்' என்ற குறளைப் பாருங்கள். 'உழார்' என்றால் ஒரே நிரையசை. ஓரசைச்சீர் வெண்பாவின் கடைசியில்தான் நிற்கும், நடுவில் நிற்காது. எனவே 'ழா'வின் இரண்டு மாத்திரை மூன்றாக நீண்டு, நிரைநேர் ஆகி, 'புளிமா' என்ற வாய்பாட்டுக்குரிய ஈரசைச்சீர் கிடைக்கிறது. அந்த 'அ' நீட்டத்துக்கான அடையாளம். குறளை வாய்விட்டுப் படிக்கும்போது அதைத் தனியாக வெட்டிச் சொல்லாமல், மூச்சை விடாமல் 'ழா'வையே மூன்று நொடிப்புக்கு இழுங்கள்.